முப்பத்தெட்டு வினாடி

இந்தக் கதையில் எனக்கு நிச்சயமாகத் தெரியாத விஷயங்கள் சில உண்டு. அந்த வீட்டு ஜன்னல் கிழக்கே பார்த்ததா தெற்கே பார்த்ததா என்பது மறந்துவிட்டது. அண்ணனுக்குப் பக்கவாதம் வந்தது மழை தொடங்கிய பிறகா முன்பா என்று கேட்டால் இரண்டு விதமாகவும் சொல்லத் தோன்றுகிறது. பேசியவர்கள் இதே சொற்களில்தான் பேசினார்கள் என்று சத்தியம் செய்ய மாட்டேன். முப்பத்தெட்டு வினாடி என்பது மட்டும் சரி. அது எழுதி வைக்கப்பட்டிருந்தது.

அண்ணன் பஸ் டிப்போவில் முப்பத்தோரு வருஷம் டைம்கீப்பராக இருந்தவர். எந்த வண்டி எத்தனை மணிக்கு வெளியே போனது, எப்போது உள்ளே வந்தது என்று நோட்டில் எழுதுவது அவர் வேலை. இரண்டு நிமிஷம் தாமதமாக வந்த டிரைவரை, “வாங்க ஐயா, வீட்ல எல்லாரும் சௌக்கியமா” என்று எழுந்து நின்று வரவேற்பார். அவர் வாய்க்குப் பயந்தே வண்டிகள் நேரத்துக்கு வந்தன என்று டிப்போவில் பேச்சு. அப்பா போன பிறகு வீட்டையும் அவர் டிப்போ மாதிரியே நடத்தினார்.

தம்பி அவருக்குப் பதினாலு வருஷம் பின்னால் பிறந்தவன். பிறந்தது லேட்டு, நடந்தது லேட்டு, பள்ளிக்கூடத்தைத் தாண்டியது இரண்டு வருஷம் லேட்டு, கல்யாணம் நாற்பது வயதில். அண்ணன் அவனை ‘லேட்டு’ என்றே கூப்பிடுவார். கல்யாணத்தன்று வந்தவர்களுக்கும் அப்படித்தான் அறிமுகம் செய்துவைத்தார். பெண் வீட்டார் கொஞ்ச நாள் அதைச் செல்லப் பெயர் என்று நினைத்துக்கொண்டிருந்தார்கள்.

ஐம்பத்திரண்டு வயதாகியும் தம்பிக்கு ஓர் ஆசை மட்டும் அடங்கவில்லை. அண்ணன் வாயால் ஒரு நல்ல வார்த்தை கேட்க வேண்டும். பெரிதாக ஒன்றும் வேண்டாம், ‘பரவாயில்லடா’ என்றால்கூடப் போதும். முன்பு கண்ணாடிக் கடையில் வேலைக்குச் சேர்ந்த புதிதில், ஆளுயரக் கண்ணாடியை ஒரே கோட்டில் வெட்டக் கற்றுக்கொண்டு, முதல் கண்ணாடியைப் பொதிந்து எடுத்துவந்து அண்ணன் அறையில் மாட்டினான். அண்ணன் அதன் முன் நின்று தலை வாரிக்கொண்டார். “ஆணி கோணலா இருக்கு” என்றார்.

பக்கவாதம் அண்ணனின் வலது கையையும் வலது காலையும் எடுத்துக்கொண்டு வாயை விட்டுவைத்தது. அவர் கல்யாணமே செய்துகொள்ளாதவர், தம்பி வீட்டுக்குத்தான் வர வேண்டியிருந்தது. கீழே சலூன், மேலே இவர்களுடைய இரண்டு அறை. வெளிச்சம் வருகிற அறையை அண்ணனுக்குக் கொடுத்தார்கள். தம்பி காலையில் அவரைத் துடைத்து, சட்டை மாற்றி, நாற்காலிக்குக் கொண்டுவந்து உட்கார வைத்துவிட்டுக் கடைக்குப் போவான். மூன்றரைக்குத் திரும்பி வருவான். இடையில் அவன் மனைவி பார்த்துக்கொள்வாள்.

உட்கார்ந்த இடத்தில் அண்ணனுக்கு மிச்சமிருந்தது ஒன்றே ஒன்றுதான், பேஸ்பால். டிப்போ அறையில் ரேடியோவில் கேட்டுப் பழகியது. சிவப்புத் தொப்பி அணி அவருடைய அணி. அவர் வேலைக்குச் சேர்ந்த வருஷத்திலிருந்து ஓய்வு பெற்ற வருஷம் வரையும் அதற்குப் பிறகும் அது ஒரு முறைகூடக் கோப்பையைத் தொட்டதில்லை. “என் அணிக்கும் என் தம்பிக்கும் ஒரே ஜாதகம்” என்று சொல்வார்.

தம்பி அவருக்காகவே மாதச் சந்தா கட்டி, எல்லா ஆட்டத்தையும் நேரடியாகக் காட்டும் இணையச் சேவை ஒன்றை எடுத்தான். படம் துல்லியமாக இருந்தது. பந்து வீசுபவனின் நெற்றி வியர்வைகூடத் தெரிந்தது. அண்ணன் முதல் நாள் முழுக்க ஒன்றும் சொல்லாமல் பார்த்தார். முடிந்ததும், “சத்தத்தைக் கொஞ்சம் கம்மி பண்ணியிருக்கலாம்” என்றார்.

மூன்றாவது ஆட்டமோ நான்காவதோ, தம்பி அவருடைய நாற்காலிக்குப் பின்னால் முக்காலியில் உட்கார்ந்திருந்தபோது அவன் போன் ஒரு முறை அதிர்ந்தது. போனில் ஆட்டத்தின் புள்ளிகளை மட்டும் எழுத்தில் சொல்லும் வேறொரு செயலி இருந்தது. எட்டாம் எண்காரன் ஹோம் ரன் அடித்துவிட்டான் என்று அது சொன்னது. தம்பி நிமிர்ந்து பார்த்தான். டி.வி.யில் எட்டாம் எண்காரன் இன்னும் மட்டையைத் தோளில் சாய்த்துக்கொண்டு, காலால் மண்ணைச் சரிசெய்துகொண்டிருந்தான். தம்பிக்கு ஒரு கணம் போன்தான் கெட்டுப்போய்விட்டது என்று பட்டது. பிறகு புரிந்தது. படம் இணையத்தில் சுற்றிக்கொண்டு மெதுவாக வருகிறது. எழுத்துக்கு எடை இல்லை, முந்திக்கொண்டு வந்துவிடுகிறது.

அவன் திட்டம் போட்டெல்லாம் செய்யவில்லை. வாய் தானாகத் திறந்தது.

“அண்ணே, இவன் இப்ப தூக்கி வெளிய அடிப்பான் பாருங்க.”

“அடிச்சுக் கிழிச்சான்” என்றார் அண்ணன்.

பந்து வந்தது. மட்டை சுழன்றது. பந்து மேலே மேலே போய் வேலிக்கு அந்தப் பக்கம் ஜனங்கள் நடுவில் விழுந்தது.

அண்ணன் கழுத்தைத் திருப்பித் தம்பியைப் பார்க்க முயன்றார். பாதிதான் திருப்ப முடிந்தது. “பாத்தியா லேட்டு” என்றார். அதில் கேலி இல்லை. இருந்திருந்தாலும் தம்பிக்குக் கேட்டிருக்காது.

அன்றிலிருந்து ஆரம்பித்தது. தம்பி போனின் வெளிச்சத்தை இறக்கி, சத்தத்தை அடக்கி, தொடைக்கு அடியில் வைத்துக்கொண்டான். ஒவ்வொரு பந்துக்கும் சொல்ல மாட்டான். பத்துக்கு ஒன்று, முக்கியமான கட்டத்தில் இரண்டு. நம்பும்படியாக இருக்கட்டும் என்று நடுவில் வேண்டுமென்றே ஒன்றைத் தப்பாகச் சொல்வான். தப்பாகச் சொல்லும்போது அவனுக்கு உண்மையிலேயே வருத்தமாக இருக்கும். இரண்டாவது வாரக் கடைசியில் அண்ணன் சொன்னார்:

“உனக்குக் கண்ணு இருக்குடா. இத்தனை வருஷமா எங்க வெச்சிருந்த?”

மறுநாள் கடையில் தம்பி பதினொரு கண்ணாடி வெட்டினான், ஒன்றில்கூட விளிம்பு சிதறவில்லை. கண்ணாடியில் வெட்டுச் சக்கரத்தால் கோடு போட்ட உடனே தட்டிப் பிளந்துவிட வேண்டும். போட்டுவிட்டு வேறு வேலை பார்க்கப் போனால் கோடு ஆறிவிடும், அப்புறம் கண்ணாடி தன் இஷ்டத்துக்கு உடையும். அவன் அன்றைக்குக் கோடு போட்ட கை எடுக்காமல் தட்டினான். முதலாளி வந்து பார்த்துவிட்டு, வீட்டில் ஏதாவது விசேஷமா என்று கேட்டார். ஒன்றுமில்லை என்று சிரித்தான். அவன் சிரித்து அவர் பார்த்ததில்லை.

ஆறு வாரம் இப்படிப் போனது. சிவப்புத் தொப்பிகள் அந்த வருஷம் யாரும் எதிர்பாராதபடி ஜெயித்துக்கொண்டே வந்தார்கள். அண்ணன் சாப்பிடும்போதுகூட ஆட்டத்தைப் பற்றித் தம்பியிடம் அபிப்பிராயம் கேட்டார். நாளைக்கு யாரைப் பந்து வீச விடுவார்கள், இடது கைக்காரனை இறக்குவார்களா என்று. தம்பி விளையாட்டை அதுவரை சரியாகப் பார்த்ததே இல்லை. அவர் கேட்கும்போது தெரியாமல் மானம் போகக் கூடாதென்று கடையில் சாப்பாட்டு நேரத்தில் படித்துத் தெரிந்துகொண்டான். நாற்பது வருஷத்தில் அண்ணனும் அவனும் பேசியதைவிட அந்த ஆறு வாரத்தில் பேசியது அதிகம். ஜன்னலை மட்டும் அண்ணன் ஆட்டம் தொடங்கும்போது சாத்தச் சொல்வார். காற்று ஒத்துக்கொள்ளவில்லை போலும் என்று தம்பி நினைத்தான். அவர் அடிக்கடி இடது கைக் கடிகாரத்தைப் பார்ப்பதையும், மடியிலிருந்த பழைய டிப்போ நோட்டில் இடது கையால் கோணல்மாணலாக ஏதோ எழுதுவதையும் பார்த்தான். வைத்தியர் இடது கைக்குப் பழக்கம் கொடுக்கச் சொல்லியிருந்தார். அதுதான் என்று விட்டுவிட்டான்.

அரையிறுதியின் கடைசி ஆட்டம் ஞாயிற்றுக்கிழமை. அண்ணனைப் பார்க்க அக்காவும் அக்கா வீட்டுக்காரரும் வந்திருந்தார்கள். அக்கா இருவருக்கும் நடுவில் பிறந்தவள். அவள் வீட்டுக்காரரைத் தம்பி அத்தான் என்பான், அண்ணன் மாப்பிள்ளை என்பார். எல்லோரும் அந்த ஓர் அறையில் நெருக்கியடித்து உட்கார்ந்தார்கள். தம்பி வழக்கம்போல அண்ணனுக்குப் பின்னால் முக்காலியில்.

“மாப்பிள்ளை, என் தம்பிக்கு ஒரு வித்தை தெரியும்” என்றார் அண்ணன். “இருக்கிற இடத்துல இருந்தே அடுத்த பந்து என்ன ஆகும்னு சொல்லுவான். காட்டுடா லேட்டு.”

தம்பிக்கு உடம்பெல்லாம் சூடாகிவிட்டது. என் தம்பி என்று அவர் பெருமையாக அடுத்தவரிடம் சொல்லி அவன் கேட்டதில்லை. வேண்டாமண்ணே என்று ஒப்புக்குச் சொன்னான். பிறகு சொல்லத் தொடங்கினான். இது ஸ்ட்ரைக், மட்டையில் படாது. இதை அடிப்பான், ஆனால் பிடித்துவிடுவார்கள். இவன் முதல் பேஸுக்குப் போய்விடுவான். அத்தான் வாயைப் பிளந்தார். அக்கா, இவன் நம்ம வீட்டில்தானா பிறந்தான் என்றாள். அண்ணன் இன்னொன்று, இன்னொன்று என்று கேட்டுக்கொண்டே இருந்தார். அந்தச் சந்தோஷத்தில் தம்பி இடையில் ஒன்றைத் தப்பாகச் சொல்ல வேண்டும் என்பதையும் மறந்துபோனான். ஏழோ எட்டோ வரிசையாகச் சரியாகச் சொன்னான்.

“போதும்” என்றார் அண்ணன். “இப்ப தொடைக்கு அடியில இருக்கிறதை எடுத்து என் கையில குடுத்துட்டு, அடுத்ததைச் சொல்லு.”

தம்பி அசையவில்லை. அண்ணன் மடியிலிருந்த நோட்டை இடது கையால் பிரித்தார்.

“முப்பத்தெட்டு வினாடி. முதல் நாள்ல இருந்து எழுதியிருக்கேன். சில நாள் நாப்பது. மழை நாள்ல ஐம்பதுகூட. கீழ சலூன்ல ஆன்டெனா டி.வி. இருக்கு மாப்பிள்ளை, ஜன்னலைச் சாத்தியும் காதுல விழுது, அவனுங்க கத்துறதுக்கும் இங்க பந்து போறதுக்கும் நடுவுல ஒரு மனுஷன் மூஞ்சி கழுவிட்டு வந்துரலாம். நீ பண்றது மொத நாளே தெரியும்டா. முப்பத்தோரு வருஷம் பஸ்ஸுக்கு நேரம் குறிச்சவன்கிட்ட முப்பத்தெட்டு வினாடியைத் திருடலாம்னு பாத்த பாரு, அதுக்குத்தான் நீ லேட்டு.”

அத்தான்தான் முதலில் சிரித்தார். பிறகு அக்கா சிரித்தாள், முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தாள். ஆறு வாரமாவா, ஆறு வாரமாவா என்று திரும்பத் திரும்பக் கேட்டாள். அண்ணன் நோட்டைப் புரட்டி, எந்தத் தேதியில் தம்பி என்ன சொன்னான், தான் அதற்கு என்ன பாராட்டு கொடுத்தேன் என்று நிறுத்தி நிறுத்தி வாசித்தார். “இங்க பாரு, பதினாலாம் தேதி. ‘கண்ணு இருக்குடா’ன்னேன். அன்னிக்கு ராத்திரி ரெண்டு தோசைக்கரண்டி அதிகமா சாப்பிட்டான்.”

அப்படி ஓர் அளவு உலகத்தில் கிடையாது. அதற்கும் சிரித்தார்கள். தம்பி தலை நிமிர்ந்தபோது சமையலறை வாசலில் அவன் மனைவி நின்றுகொண்டிருந்தாள். அவள் முகத்தில் இருந்தது ஆச்சரியம் இல்லை.

விருந்தாளிகள் போன பிறகு தம்பி எல்லா டம்ளரையும் தானே கழுவினான். கழுவியதையே மறுபடி கழுவினான். பக்கத்தில் நின்ற மனைவியிடம், திரும்பாமல், உனக்கு எப்போது தெரியும் என்று கேட்டான்.

“மொத வாரமே உங்க அண்ணன் சொல்லிட்டாரு.”

அவன் குழாயை மூடினான்.

“சொல்லியிருக்கலாம்ல.”

“எதுக்குங்க சொல்லணும்? நீங்க சந்தோஷமா இருந்தீங்க. அவரும் சிரிச்சாரு. இந்த வீட்ல வேற யாரு சிரிச்சா?” என்றாள். அவள் அதை ஆறுதலாகத்தான் சொன்னாள்.

அவன் அன்றைக்குப் படுத்துக்கொண்டு ஒவ்வொரு வார்த்தையாக எடுத்துப் பார்த்தான். கண்ணு இருக்குடா. எங்க வெச்சிருந்த. நாளைக்கு இடது கைக்காரனை இறக்குவானா சொல்லு. ஒன்றாவது நிஜமாக இருக்குமா என்று தேடினான். எல்லாவற்றையும் வெட்டியது ஒரே சக்கரம், எல்லாம் ஒரே கோட்டில் போயின.

இறுதிப் போட்டி புதன்கிழமை, மாலை நான்கு மணிக்கு. சிவப்புத் தொப்பிகள் அதில் இருந்தார்கள். அண்ணன் காலையிலேயே முகம் மழிக்கச் சொன்னார். நல்ல சட்டை கேட்டார். தம்பி கடையிலிருந்து திரும்பியபோது அவர் கைகள் மடியில் இருந்தன. நோட்டு இல்லை. ஜன்னலைச் சாத்தச் சொன்னார், திரைச்சீலைக்கு அடியில் துணியைச் சுருட்டி வைத்து அடைக்கவும் சொன்னார்.

“இன்னிக்குப் போனைத் தூர வைடா” என்றார். “முப்பத்தோரு வருஷம் காத்துக்கிட்டிருந்தது. என்ன ஆகும்னு தெரியாம பாக்கணும். நீயும் பக்கத்துல வந்து உக்காரு. ரெண்டு பேரும் பாப்போம்.”

அதில் கேலி ஒன்றும் இல்லை. இல்லை என்பது தம்பிக்கும் கேட்டது. கேட்டும் அவன் முக்காலியை எடுத்துக்கொண்டுவந்து அண்ணனுக்குப் பக்கத்தில் போடாமல், டி.வி.க்குப் பக்கத்தில், அவர் முகத்தைப் பார்க்கும்படி போட்டுக்கொண்டான். போனை எடுத்துக் கையில் வெளிப்படையாகப் பிடித்தான். ரிமோட்டைத் தன் சட்டைப் பையில் போட்டுக்கொண்டான்.

“இது ஸ்ட்ரைக்” என்றான்.

திரையில் பந்து வீசுபவன் இன்னும் பந்தைக் கையில் எடுக்கவே இல்லை. வீசினான். ஸ்ட்ரைக்.

“வேணாம்டா.”

“இது வெளிய போகும்.”

குரலை உயர்த்தவில்லை. கடையில் வாடிக்கையாளருக்கு அளவு படித்துக் காட்டுகிற குரல். அடுத்த பந்து, அதற்கு அடுத்த பந்து, ஒன்றையும் விடாமல் சொன்னான். முன்பு பத்துக்கு ஒன்று சொன்னவன் இப்போது பத்துக்குப் பத்தும் சொன்னான். ஒரு தப்புகூட இல்லை. ஒன்பது இன்னிங்ஸில் இரண்டாவது முடியும்போது அண்ணன் அவனைத் திட்டினார். டிப்போ டிரைவர்கள்கூடக் கேட்டிராத வார்த்தைகள் எல்லாம் வந்தன. நான்காம் இன்னிங்ஸில் அவன் மனைவியை உரக்கக் கூப்பிட்டார். அவள் வந்து நின்று, ஏங்க, விட்டுடுங்க என்றாள். தம்பி அவளைப் பார்த்தான். எவ்வளவு நேரம் பார்த்தான் என்று அவளாலேயே பிற்பாடு சொல்ல முடியவில்லை. அவள் சமையலறைக்குத் திரும்பிப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

அண்ணன் காதைப் பொத்திக்கொண்டார். ஒரு கைதான் இருந்தது. இடது கையால் இடது காதைப் பொத்தினார். தம்பி எழுந்து முக்காலியை அவருக்கு வலது பக்கம் நகர்த்திப் போட்டு, “இவன் அவுட்” என்றான். அண்ணன் கையைக் குறுக்கே கொண்டுவந்து வலது காதைப் பொத்தினார். தம்பி முக்காலியை இடது பக்கம் நகர்த்தினான். இது மூன்று நான்கு முறை நடந்தது. முக்காலி இழுபடும் சத்தம் கேட்டு, கீழே சலூனில் யாரோ கூரையைத் தட்டினார்கள்.

“தம்பி” என்றார் அண்ணன். அப்படி அவர் கூப்பிட்டதே இல்லை. “தம்பி, அன்னிக்கு நான் விளையாட்டாதான்…”

“இதைத் தூக்கி அடிப்பான். ரெண்டு பேர் சுத்தி வந்துருவாங்க, ரெண்டு ரன். நம்ம பக்கம் ஒரு ரன் அதிகம்.”

அப்படியே ஆனது. முப்பத்தோரு வருஷம் ரேடியோவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து காத்திருந்த அடி அது. அரங்கத்தில் ஐம்பதாயிரம் பேர் எழுந்து நின்றார்கள். அண்ணன் கண்ணை மூடிக்கொண்டிருந்தார்.

கடைசி இன்னிங்ஸ். எதிரணியில் இரண்டு பேர் அவுட். இன்னும் ஒருவன் அவுட்டானால் கோப்பை. போன் அதிர்ந்தது. தம்பி படித்தான். முதல்முறையாகக் கொஞ்சம் தயங்கினான். நிறுத்திவிடலாம் என்று அவனுக்கு ஒரு கணம் தோன்றியதாக அவன் மனைவியிடம் பின்னால் ஒரு தடவை சொன்னானாம். இந்த ஒன்றை மட்டும் விட்டுவிட்டால் போதும், அவர் கண்ணைத் திறந்து பார்த்துக்கொள்வார்.

“ஜெயிச்சாச்சு” என்றான்.

அண்ணன் கண்ணைத் திறந்தார். திரையைப் பார்க்கவில்லை, தம்பியைப் பார்த்தார். திரையில் பந்து வீசுபவன் தொப்பியைக் கழற்றி நெற்றியைத் துடைத்தான், திரும்ப மாட்டினான், குனிந்து சைகைக்குக் காத்திருந்தான். இன்னும் எதுவும் நடந்திருக்கவில்லை. அந்த முப்பத்தெட்டு வினாடியும் இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டு இருந்தார்கள். தம்பி அவர் முகத்தில் எதையோ எதிர்பார்த்தான். அழுகையாவது, வசவாவது. பிறகு சத்தம் வெடித்தது. சிவப்புத் தொப்பிகள் ஒருவர்மேல் ஒருவர் விழுந்து புரண்டார்கள்.

“ஒண்ணுக்கு வருது” என்றார் அண்ணன். “பாட்டிலை எடு.”

தம்பி கட்டிலுக்கு அடியிலிருந்து பாட்டிலை எடுத்துவந்தான். மண்டியிட்டு, வேட்டியை விலக்கி, பிடித்தான். நேரமாகியும் வரவில்லை. டி.வி.யில் ஒருவர் மாற்றி ஒருவர் கோப்பையைத் தலைக்கு மேல் தூக்கினார்கள். ரிமோட் சட்டைப் பையில் இருந்தது, கை காலியாக இல்லை. அணைக்க முடியாமல் அப்படியே பிடித்துக்கொண்டிருந்தான்.

பத்து நாள் கழித்து அக்கா வந்து அண்ணனைத் தன் வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போனாள். அவர்தான் சொல்லி அனுப்பியிருந்தார். காரணம் சொல்லவில்லை. அங்கே இரண்டு வருஷமும் சில மாதமும் இருந்தார். டி.வி. போட்டால் அணைக்கச் சொன்னார். தம்பி மூன்று முறை பார்க்கப் போனான், மூன்று முறையும் அவர் தூங்கிக்கொண்டிருப்பதாகச் சொன்னார்கள். ஒரு காலையில் சட்டை மாற்றும்போது இறந்துபோனார். அக்கா தம்பியிடம் காரியத்தன்று பேசியதோடு சரி. அத்தான் போன் கதையைப் போகிற இடமெல்லாம் சொல்கிறார், ஞாயிற்றுக்கிழமையோடு கதை முடிந்துவிடும், புதன்கிழமை நடந்தது அவருக்குத் தெரியாது. மனைவி ஒரு துணிக்கடையில் வேலைக்குச் சேர்ந்தாள், அண்ணன் அறையில் படுத்துக்கொள்கிறாள். சலூன் கைமாறிப் போன் பழுது பார்க்கும் கடையானது. சிவப்புத் தொப்பிகள் அதற்குப் பிறகு ஜெயிக்கவில்லை. தம்பி இன்னும் அதே கண்ணாடிக் கடையில் இருக்கிறான். சந்தாவை நிறுத்தவில்லை.